பள்ளம் என்று எழுதிய நிலம்

ஏப்ரல் 3

நாத்தனாருக்கு,

நலம் விசாரித்து ஆரம்பிக்க மனம் வரவில்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன். போனில் பேசலாம்தான். ஆனால் போன தடவை நான் கத்தி, நீ கத்தி, கடைசியில் யார் முதலில் போனை வைத்தது என்பதற்கே தனியாக ஒரு சண்டை போட்டோம். கடிதம் என்றால் நடுவில் குறுக்கே பேச முடியாது. முழுசாகப் படித்துவிட்டுக் கோபப்படு.

சுற்றுச்சாலை போடுவதற்காக எங்கள் மீன் பண்ணையை எடுத்த அதிகாரி அதை என்னவென்று எழுதினார் என்பது உனக்குத் தெரியும். "நீர் தேங்கும் பள்ளம். தரிசு." மீன் குஞ்சு வளர்க்க உன் அண்ணன் பார்த்துப் பார்த்துக் கரை கட்டிய குளங்கள் அவர் கண்ணுக்குப் பள்ளம். அதோடு விட்டாரா? பள்ளத்தில் மண் போட்டு நிரப்பச் செலவாகும் என்று அந்தச் செலவையும் நஷ்டஈட்டில் பிடித்துக்கொண்டார். வீட்டை இடித்துவிட்டு, இடித்த கூலியையும் நம்மிடமே வாங்குகிற மாதிரி. உன் அண்ணன் கோர்ட்டுக்குப் போனார். பாதி வழக்கில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார். மீதியை நான் நடத்தினேன், ஜெயித்தேன். அரசாங்கம் விடவில்லை, மேல்முறையீடு போனது.

மேல் கோர்ட்டில் அரசு வக்கீல் புதிதாக ஒரு காகிதத்தை நீட்டினார். உன் பாதி நிலத்தை உன் அண்ணன் பேருக்கு எழுதிக் கொடுத்தாயே, அந்தக் கிரயப் பத்திரம். "சொந்தத் தங்கச்சியே இந்த விலைக்குத்தான் வித்திருக்காங்க. அப்ப இதுதானே அந்த நிலத்தோட மதிப்பு?" என்றார். நான் எழுந்து, "அது விலையே இல்லீங்க ஐயா" என்றேன். "உங்க வக்கீல் பேசுவார், உட்காருங்கம்மா" என்றார் நீதிபதி. என் வக்கீல் எழுந்து கண்ணாடியைத் துடைத்தார். அன்றைக்கு அவர் செய்தது அவ்வளவுதான். அந்தப் பத்திரத்தைப் பற்றிச் சாட்சி கேட்டு மறுபடியும் தீர்ப்புச் சொல்லும்படி வழக்கைக் கீழ்க் கோர்ட்டுக்கே திருப்பிவிட்டார்கள். மலை ஏறி முடித்தவளை அடிவாரத்தில் கொண்டுவந்து இறக்கிவிட்டார்கள்.

இதற்கு நடுவே உன் வீட்டுக்காரர் நேற்றுப் போன் செய்தார். "அந்தப் பத்திரம் செல்லுமான்னே பார்க்கணும். எங்க பங்குன்னு ஒண்ணு இருக்கில்ல?" என்றார். இது நீ சொல்லிக் கேட்டதா? ஆமாம் என்றால் ஆமாம் என்று எழுது. ஒரு கையால் அரசாங்கத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். இன்னொரு கையை உனக்கு எதிராகத் தூக்க வேண்டுமா என்று எனக்குத் தெரிய வேண்டும்.

அண்ணி


ஏப்ரல் 11

அண்ணிக்கு,

ஆஸ்பத்திரிச் சலவைக் கூடத்தில், படுக்கை விரிப்புகளுக்கு இஸ்திரி போடும் உருளைக்குப் பக்கத்தில் நின்றே உங்கள் கடிதத்தைப் படித்தேன். கூட வேலை செய்கிற பெண், "என்னக்கா, சூடு பட்டுடுச்சா?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன்.

அவர் உங்களுக்குப் போன் செய்தது எனக்குத் தெரியாது. கேட்டேன். "ஒரு வார்த்தை கேட்டுப் பார்த்தேன், தப்பா?" என்றார். "தப்புதான்" என்றேன். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் பாத்திரங்கள் மட்டும்தான் பேசுகின்றன, அதுவும் சத்தமாக.

ஆனால் உங்களிடமும் எனக்குக் கேட்க இருக்கிறது. கீழ்க் கோர்ட்டில் நீங்கள் ஜெயித்ததை எனக்கு யார் சொன்னார்கள் தெரியுமா? உங்கள் பக்கத்து நிலத்துச் செங்கல் சூளைக்காரர். மாமியாரைச் சேர்க்க எங்கள் ஆஸ்பத்திரிக்கு வந்தவர், "உங்க அண்ணிக்குப் பேராசைதான், ஆனாலும் சாதிச்சுட்டாங்க" என்று சிரித்தார். எனக்கு முன்பே தெரிந்த மாதிரி தலையாட்டினேன். அப்படித் தலையாட்டுவது எவ்வளவு கேவலமாக இருக்கும் என்று நினைத்துப் பார்த்தீர்களா? நான் பங்கு கேட்டு வந்து நிற்பேன் என்று பயந்தா மறைத்தீர்கள்?

பத்திரத்தைப் பற்றி உங்களுக்கே தெரியும். குளம் வெட்டக் கடன் கொடுக்க நிலம் முழுவதும் அண்ணன் பேரில் இருக்க வேண்டும் என்றது வங்கி. பத்திரம் எழுதுகிறவர், "தானம்னு போட்டா நாளாகும்மா. கிரயம்னு போட்டு, பேருக்கு ஒரு தொகை எழுதிக்கலாம்" என்றார். அதில் ஒரு காசு என் கையில் படவில்லை. அறுந்த செருப்போடு பதிவு அலுவலகத்துக்கு வந்திருந்தேன் என்று அண்ணன் என்னைக் கடைக்குக் கூட்டிப்போய்ச் செருப்பு வாங்கித் தந்தார். நான் வாங்கிய விலை அந்த ஒரு ஜோடிச் செருப்பு. அதையும் அந்த வக்கீலிடம் சொல்லுங்கள், மதிப்பில் சேர்த்துக்கொள்ளட்டும்.

நான் பாசத்தில் கொடுத்ததை எடுத்து என் அண்ணன் தலையிலேயே அடிக்கிறார்கள் என்று நினைக்கும்போது உடம்பெல்லாம் எரிகிறது. ஆனால் வருகிறேன் என்று இப்போது எழுத முடியவில்லை. வரமாட்டேன் என்றும் எழுதவில்லை.

உங்கள் நாத்தனார்


ஏப்ரல் 20

நாத்தனாருக்கு,

கேட்டுவிட்டாய், சொல்கிறேன். நீ பங்கு கேட்டிருந்தால் எண்ணிக் கையில் கொடுத்துவிட்டு நிம்மதியாகத் தூங்கியிருப்பேன். நீ கேட்க மாட்டாய். கேட்காதவளுக்கு என்ன செய்வது, எப்படிச் செய்வது என்று தெரியாமல்தான் நாளைத் தள்ளினேன். அதற்குள் மேல்முறையீடு வந்துவிட்டது, கொடுப்பதற்கும் ஒன்றும் இல்லாமல் போனது.

சமாதானம் பேச என்னை நில எடுப்பு அலுவலகத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். அந்த அறை உனக்கு நினைவிருக்கும். சுவரோரம் கட்டுக் கட்டாகக் கோப்புகள், மேலே ஒரு மின்விசிறி. அது அதிகாரியின் நாற்காலிக்கு மட்டும் சுற்றும். அவர் மிகவும் கனிவாகத்தான் பேசினார்.

"வயசான காலத்துல எதுக்கும்மா கோர்ட்டு, கேஸுன்னு அலையறீங்க? பாதிக்குச் சம்மதிச்சீங்கன்னா இந்த மாசமே செக்."

"மீதிப் பாதி?"

"மேல்முறையீடுன்னா சும்மாவா? உங்க ஆயுசுக்கும் இழுக்கும்."

"என் வீட்டுக்காரர் ஆயுசுக்கு இழுத்தாச்சு. என்னோடதுக்கும் இழுங்க, பார்க்கலாம்" என்று எழுந்து வந்துவிட்டேன்.

எனக்கு இன்னும் ஐம்பது ஆகவில்லை. வழக்குதான் கிழடாகிவிட்டது. வாடகை அறையில் இருந்துகொண்டு, வேறு ஆளின் பண்ணையில் குஞ்சு வாங்கி, பையில் தண்ணீரும் ஆக்ஸிஜனும் நிரப்பிக் கட்டி, பஸ்ஸில் போட்டு அனுப்பிக்கொண்டிருக்கிறேன். என் குளத்தில் பிடித்து விற்றவள், இப்போது அடுத்தவன் குளத்துக் கரையில் வரிசையில் நிற்கிறேன். இதற்கு எந்தக் கோர்ட்டும் தொகை போடாது.

ஜூன் 9 அன்று சாட்சி விசாரணை. உனக்குச் சம்மன் வரும். அதற்கு முன்னால் என் கடிதம் வந்து சேர வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். கோர்ட்டு கூப்பிட்டு நீ வந்ததாக இருக்கக் கூடாது.

அண்ணி


மே 28

அண்ணிக்கு,

ஃபிரிட்ஜ் பார்க்கலாம் வா என்று என் வீட்டுக்காரர் கூட்டிப்போனார். செல்போன் கடைக்கு மேல் மாடியில், ஒரு வக்கீலின் அறையில் கொண்டுபோய் உட்கார வைத்தார். ஃபிரிட்ஜ் அங்கே இல்லை.

வக்கீல் எனக்காகவே தயாராக இருந்தார். "நீங்க பொய்யே சொல்ல வேணாம்மா. 'அதுல என்ன எழுதியிருந்துச்சுன்னு நான் படிக்கல'ன்னு ஒரு வரி சொன்னாப் போதும். பத்திரம் ஆட்டம் கண்டுடும். அப்புறம் பாதி நிலம் உங்களுது, பாதி நஷ்டஈடும் உங்களுது."

"நான் படிச்சுட்டுத்தாங்க கையெழுத்துப் போட்டேன்."

"அதை நீங்க சொன்னாத்தானே அவங்களுக்குத் தெரியும்?"

என் வீட்டுக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு, "நம்ம பொண்ணு காலேஜ் போகணும், அதையும் நினைச்சுப் பாரு" என்றார்.

நினைத்தேன் அண்ணி. உங்களிடம் மறைக்க மாட்டேன். படி இறங்கி வரும்வரை அதைத்தான் நினைத்தேன். லாரி புக்கிங் ஆபீஸில் அவர் வாங்கும் சம்பளமும் சலவைக் கூடத்தில் நான் வாங்கும் சம்பளமும் எங்கே போகின்றன என்று எனக்குத் தெரியும். ஆனால் தெருவுக்கு வந்ததும் வேறு ஒன்று உறைத்தது. நான் படிக்கவில்லை என்று சொன்னால், என் அண்ணன் என்னை ஏமாற்றி எழுதி வாங்கினவர் ஆகிவிடுவார். செத்துப்போனவர் எழுந்து வந்து மறுக்கவா போகிறார்? அரசாங்கம் அவர் குளத்தைப் பள்ளமாக்கியது. நாங்கள் அவரையே திருடனாக்கப் பார்க்கிறோம். நடுத்தெருவில் நின்று, "இனிமே இந்தப் பேச்சை எடுத்தீங்கன்னா நான் மனுஷியா இருக்க மாட்டேன்" என்று கத்திவிட்டேன். செல்போன் கடைக்காரர் வெளியே வந்து பார்த்தார்.

வருகிறேன். பஸ் நிறுத்தத்துக்கு வர வேண்டாம், முந்தின நாள் உங்கள் அறையில் தங்கவும் மாட்டேன். "சொல்லிக் கொடுத்துக் கூட்டி வந்தீங்களா?" என்று கேட்க அந்த வக்கீலுக்கு வாய்ப்புக் கொடுக்கக் கூடாது. நேராகக் கோர்ட்டுக்கு வந்துவிடுவேன்.

உங்கள் நாத்தனார்


ஜூன் 12

வாலு,

உன் அண்ணன் உன்னைக் கூப்பிட்ட பேர். நான் கூப்பிடலாமா என்று கேட்காமலே எழுதிவிட்டேன்.

அன்றைக்கு நான் வாசல் கதவோரம் நின்றிருந்தேன். கூட்டத்தில் உன் முகம் தெரியவில்லை, குரல் மட்டும் கேட்டது. பெயர் சொல்லும்போது நடுங்கியது. அரசு வக்கீல் அதைக் கண்டுகொண்டு நெருக்க ஆரம்பித்தார்.

"அன்பாத்தான் கொடுத்தீங்கன்னா தானம்னு எழுத வேண்டியதுதானே? கிரயம்னு ஏன் எழுதினீங்க?"

"கடன் சீக்கிரம் கிடைக்கணும்னு, ஐயா."

"அப்ப வாங்காத தொகையை வாங்கினதா அரசாங்கத்துக்கே பொய் எழுதிக் கொடுத்திருக்கீங்க?"

என் வக்கீல் மறுபடியும் கண்ணாடியைக் கழற்றினார். நீ சொன்னாய்: "ஆமாங்க. தொகையைப் பேருக்குத்தான் எழுதினோம். அதுக்கு அபராதம் போடுங்க, நான் கட்டறேன். ஆனா மீன் வளர்ந்த குளத்தைப் பள்ளம்னு எழுதினாங்களே, அவங்களுக்கு யாருங்க அபராதம் போடறது?"

பின்னால் யாரோ கை தட்டினார்கள். சேவகர் அதட்டினார். நீதிபதி நிமிரவே இல்லை. குனிந்து எழுதினாரா, பேனாவில் மை வருகிறதா என்று பார்த்தாரா தெரியாது. எனக்குக் கால் தரையில் பாவவில்லை. இத்தனை வருடமாக என் தொண்டையில் நின்ற கேள்வி அது. எனக்கு அப்படிக் கேட்கத் தோன்றவில்லையே!

நீ இறங்கி என்னைத் திரும்பியும் பார்க்காமல் போய்விட்டாய். ஒரு டீ குடித்துவிட்டுப் போயிருக்கலாம். உன் வீட்டுக்காரர் வராந்தாத் தூண் ஓரம் நின்றிருந்தார். நீ ஏறிய பஸ்ஸில் அவர் ஏறவில்லை. என்ன நடந்தது? மழுப்பாமல் எழுது.

அண்ணி


ஜூலை 2

அண்ணி,

வாலு என்றே கூப்பிடுங்கள்.

அன்று நின்றிருந்தால் உங்கள் தோளில் சாய்ந்து அழுதிருப்பேன். அந்த வக்கீல் பார்க்க அழ எனக்கு இஷ்டமில்லை.

வீட்டில் நடந்தது பெரிய கதை இல்லை. "கைக்கு வந்ததை உதறிட்டு வந்தவளுக்கு இந்த வீட்டுல என்ன வேலை?" என்று கேட்டார். சமையலிலிருந்து பாதி வாடகை வரை என் வேலைதான் என்று பட்டியல் போட்டேன். "அப்படின்னா அந்த வேலையை வேற எங்கயாவது போய்ப் பாரு" என்றார். பார்க்கிறேன். ஆஸ்பத்திரி ஊழியர் குடியிருப்பில் ஓர் அறை கேட்டு வாங்கிவிட்டேன். மகளும் என்னோடு வந்துவிட்டாள். முதல் நாள் குழாயைத் திறந்து பார்த்துவிட்டு, "அம்மா, இங்க மாடிக்கும் தண்ணி வருது!" என்றாள். அவளுக்கு அது போதுமாக இருக்கிறது. எனக்கும் போதும் என்று பழக்கிக்கொள்கிறேன்.

அவர் கெட்டவர் இல்லை. அதுதான் இன்னும் ஆத்திரமாக வருகிறது. இந்தப் பாழாய்ப்போன வழக்கு நடக்காமல் இருந்தால், அவருக்குள் இப்படி ஓர் ஆள் இருப்பதே எனக்குத் தெரியாமல் காலம் போயிருக்கும்.

இரக்கப்பட்டுக் கடிதம் எழுதினால் பிரிக்காமல் திருப்பி அனுப்புவேன். தீர்ப்பு வந்தால் எழுதுங்கள்.

வாலு


செப்டம்பர் 16

வாலு,

ஜெயித்துவிட்டோம்.

பத்திரத்தில் இருப்பது கூடப்பிறந்தவள் கொடுத்தது, சந்தை விலை ஆகாது என்று நீதிபதி சொல்லிவிட்டார். குளங்களைக் குளங்கள் என்றே மதிப்பிட வேண்டும், நிரப்புகிற செலவைப் பிடித்தது செல்லாது என்றும் எழுதியிருக்கிறார். படித்து முடிக்க ஒரு காபி ஆறுகிற நேரம்கூட ஆகவில்லை. பக்கத்தில் இருந்தவர்கள் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். எனக்குச் சந்தோஷம் வரவில்லை, பற்றிக்கொண்டு வந்தது. இதைச் சொல்ல இத்தனை வருடமா? கண்ணைத் திறந்து பார்த்தால் முதல் நாளே தெரிந்திருக்கும். பார்க்க வேண்டிய மனுஷர் போய்ச் சேர்ந்த பிறகு, குளம் குளம்தான் என்று எனக்குச் சொல்லி அனுப்புகிறார்கள்.

வராந்தாவில் அரசு வக்கீல் பக்கத்தில் வந்தார். "தப்பா எடுத்துக்காதீங்கம்மா. உங்க மேல எனக்குக் கோபம் ஒண்ணும் இல்ல, என் வேலை அது" என்றார்.

"எனக்கு இருக்குதுங்க" என்றேன்.

அவர்கள் மறுபடியும் மேலே போவார்கள் என்று என் வக்கீல் சொன்னார், சாயங்காலம் மழை வரும் என்கிற மாதிரி. இன்னொன்றும் சொன்னார். அதே உத்தரவில் நிலம் எடுக்கப்பட்டு, கோர்ட்டுக்குப் போகாமல் கொடுத்ததை வாங்கிக்கொண்டவர்களும் இந்தத் தீர்ப்பைக் காட்டி அதே விலை கேட்கலாமாம். மூன்று மாதத்துக்குள் மனுப் போட வேண்டுமாம். "உங்க பக்கத்து ஆளுங்ககிட்ட சொல்லுங்க" என்றார்.

நான் சொல்லப் போவதில்லை. ஆரம்பத்தில் உன் அண்ணன், எல்லோரும் சேர்ந்து போகலாம் என்று வீடு வீடாக ஏறி இறங்கினார். ஒருத்தர்கூட வரவில்லை. அந்தச் சூளைக்காரர் வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டு, பின்னால் பேராசை என்று பேசினார். இப்போது நான் போய்த் தட்டில் வைத்து நீட்ட வேண்டுமா? எனக்கென்ன வந்தது?

அண்ணி


செப்டம்பர் 24

அண்ணி,

"எனக்கென்ன வந்தது?" உங்கள் எழுத்துதானா என்று திருப்பித் திருப்பிப் பார்த்தேன். அந்த மின்விசிறிக்கு அடியில் உட்கார்ந்திருப்பவர்கள் இத்தனை வருடமாக உங்களிடம் வாய்விட்டுச் சொல்லாத குறையாகச் சொன்னது இதுதானே?

எனக்கும் அந்தச் சூளைக்காரர் மேல் கோபம் உண்டு. ஆனால் அவர் மாமியார் போன மாதம் எங்கள் ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டார். உடலை வாங்க வந்தபோது அவரைப் பார்த்தேன். சொந்தச் சூளை வைத்திருந்தவர் இப்போது இன்னொருத்தர் சூளையில் கல் ஏற்றுகிறார். அவர் நிலத்துக்கும் அதே வார்த்தையைத்தான் எழுதினார்களாம். "மண்ணெடுத்த பள்ளம்னு போட்டாங்கம்மா. நான் என்னத்தைப் பேச? பேசாம வாங்கிட்டு வந்துட்டேன்" என்றார். பயந்த மனுஷர். பயந்தவர்கள் துணிந்தவர்களைப் பார்த்துப் பேராசை என்றுதான் சொல்வார்கள். வேறு என்ன சொல்லித் தங்களைத் தேற்றிக்கொள்வது?

நீங்கள் சொல்லாமல் விட்டால், அவர்கள் எல்லோரிடமும் பிடித்த காசு அரசாங்கத்திடமே தங்கிவிடும். அதற்காகவா அண்ணன் செத்தார்?

அடுத்த வாரம் விடுப்பு எடுத்துக்கொண்டு வருகிறேன். இந்தத் தடவை உங்கள் அறையில்தான் தங்குவேன். கதவைத் தட்டக் கூச்சமாக இருந்தால் நீங்கள் தெருவில் நில்லுங்கள், நான் தட்டுகிறேன்.

வாலு


டிசம்பர் 19

வாலு,

நீ தட்டிய கதவுகளில் திறக்காமல் இருந்தவையும் நீ போன பிறகு ஒவ்வொன்றாகத் திறந்தன. ஆளாளுக்கு என் அறைக்கு வர ஆரம்பித்தார்கள். உட்கார இடமில்லாமல் மாடிப்படியில் வரிசை. "இது என்ன வீடா, ரேஷன் கடையா?" என்று வீட்டுக்காரம்மா கேட்டுவிட்டார்கள்.

சூளைக்காரர் கெடு முடிகிற சமயத்தில்தான் வந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, உள்ளே வராமல் நின்றார்.

"உங்களைப் பேராசைன்னு சொன்னேன்."

"சொன்னீங்க."

"இப்ப நானே கேட்டு வந்து நிக்கறேன்."

இதற்காகவே சேர்த்து வைத்திருந்த வார்த்தைகள் என்னிடம் நிறைய இருந்தன. ஆனால் அவர் கை முழுக்கச் செங்கல் தூசி, விரல் ஓரமெல்லாம் வெடிப்பு. "கேளுங்க, உங்க நிலம்தானே" என்று பேனாவைக் கொடுத்தேன். எல்லா மனுவும் நேரத்துக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. மனுக் கொடுக்கப் போன அன்றைக்கு நில எடுப்பு அதிகாரி எங்கள் கூட்டத்தைப் பார்த்துவிட்டு, "என்னம்மா, எல்லாரையும் தூண்டிவிட்டுக் கூட்டிட்டு வந்துட்டீங்க?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் சூளைக்காரர் முந்திக்கொண்டார்: "யாரும் தூண்டலைங்க. எங்களுக்கே ரொம்ப லேட்டாத்தான் கோபம் வந்துச்சு."

நேற்று நோட்டீஸ் வந்தது. அரசாங்கம் மறுபடியும் மேல்முறையீடு. அடுத்த மாதம் பத்தாம் தேதி விசாரணை. மனுப் போட்டவர்கள் பயந்து பின்வாங்கிவிடுவார்களோ என்ற நினைப்போடுதான் கீழே கூடியிருந்தவர்களிடம் போய்ச் சொன்னேன். சூளைக்காரர், "எத்தனை மணிக்கும்மா அங்க இருக்கணும்?" என்று கேட்டார். அதிகாலையில் கிளம்ப வேன் பேசிவிட்டார்கள். கோர்ட்டு கூப்பிட்டது என்னை ஒருத்தியைத்தான். ஆனால் வேன் நிறைந்துவிட்டது.

உனக்கு ஜன்னலோரம் ஓர் இடம் பிடித்து வைத்திருக்கிறேன். உன் மகளும் வருகிறாளா என்று உடனே எழுது. இன்னோர் இடம் பிடிக்க வேண்டும், இங்கே அடிதடியாக இருக்கிறது.

அண்ணி